பெரெனியல்னு லேபிள்ல போட்டிருந்தா மட்டும் போதாது

மே மாசம் வந்தாலே கனடால கால்கரி, வின்னிபெக் பக்கம் கடை வாசல்ல பூச்செடியா வந்து இறங்கிடும், லேபிள்ல பெரெனியல்னு இருக்கும், சரி வருஷா வருஷம் தானா துளிர்க்கும்னு நம்பி ஆளாளுக்கு அள்ளிட்டுப் போவாங்க. பெரெனியல்தான், ஆனா எந்த ஊர்ல? ஸ்பானிஷ் லாவெண்டர் அதோட சொந்த ஊர்ல வருஷக்கணக்கா நிக்கும், வின்னிபெக்ல முதல் குளிர்காலத்துலயே காலி.

அதனால லேபிளைத் திருப்பி ஜோன் நம்பரைப் பாருங்க, செடி எவ்வளவு குளிர் தாங்கும்னு சொல்றது அதுதான். அமெரிக்க கணக்குல ஜோன் 3ன்னா மைனஸ் 40 டிகிரி செல்சியஸ் வரைக்கும் தாங்கும், ஜோன் 5ன்னா மைனஸ் 29தான். நம்பர் பெருசா இருந்தா செடி கெட்டின்னு நினைச்சு வாங்கறவங்க உண்டு, விஷயம் நேர் தலைகீழ். இன்னொண்ணு, கனடாவோட ஜோன் மேப் தனி, அது குளிரோட மழை, காத்து, ஸ்நோ எல்லாத்தையும் சேத்துப் போட்டது, ரெண்டையும் போட்டுக் குழப்பிக்காதீங்க.

நம்பர் சரியா இருந்தும் செடி போகுதா? அப்போ குளிர் மேல பழி போடாதீங்க. கால்கரில ஜனவரில சினூக்னு ஒரு சூடான காத்து அடிச்சா ஸ்நோ மொத்தமா உருகிடும், அப்புறம் திரும்ப உறையும், இப்படி மாறி மாறி நடக்கறப்ப மண்ணு உப்பி புதுச்செடியை வேரோட மேல தள்ளிடும். மல்ச், அதாவது மண்ணு மேல மூடாக்கா காஞ்ச இலை, வைக்கோல் போடறது செடியைச் சூடா வச்சிக்கறதுக்குன்னு நினைச்சு செப்டம்பர்லயே கொட்டிடறாங்க, உண்மையில அது உறைஞ்ச மண்ணை உறைஞ்சபடியே வச்சிக்கறதுக்கு, அதனால மண்ணு கெட்டியான பிறகு போடுங்க.

களிமண்ணு இன்னொரு எமன், தண்ணி வடியாது. எக்கினேஷியா குளிரைத் தாங்கும், குளிர்காலம் பூரா ஈரத்துல நின்னா அடி அழுகிடும்.

பியோனி கதை வேற. ஜோன் 3லயே ஜம்முனு இருக்கும், ஆனா கிழங்கு மேல இருக்கற சிவப்பு மொட்டுக்கு மேல 5 சென்டிமீட்டருக்கு மேல மண்ணு போட்டா வெறும் இலையா தளதளன்னு வரும், பூவே வராது. உரம் வாங்கிக் கொட்டறதுக்கு முன்னாடி விரலை விட்டு ஆழத்தைப் பாருங்க.

தொட்டியில வெளியிலயே விடறதா இருந்தா வேருக்கு நாலு பக்கமும் குளிர் அடிக்கும், உங்க ஊர் ஜோனை விட ரெண்டு நம்பர் கம்மியான ஜோன் செடியா வாங்குங்க. இலையுதிர் காலத்துல தண்டை ஒட்ட வெட்டி சுத்தம் பண்றதும் வேண்டாம், அந்தக் காஞ்ச தண்டுதான் ஸ்நோவைப் பிடிச்சு செடிக்குப் போர்வை மாதிரி வைக்கும். நோய் வந்த தண்டுன்னா மட்டும் வெட்டி எறிஞ்சிடுங்க.