மேரிலாந்தின் 12 மைல்: துப்பாக்கி உரிமத்தோடு மாநில எல்லை தாண்டுவது எப்படி

ஐ-81 நெடுஞ்சாலை மேரிலாந்து மாநிலத்துக்குள் ஓடும் தூரம் 12 மைல்தான். காப்பி சூடாக இருக்கிறதே, கொஞ்சம் ஆறட்டும் என்று வைத்துவிட்டு மறுபடி கையில் எடுப்பதற்குள் பென்சில்வேனியா வந்துவிடும். அந்த 12 மைலை முதல்முறை கடந்தபோது என் இடுப்பில் தோட்டா நிரப்பிய பிஸ்டல் இருந்தது. பர்சில் டெக்சஸ் மாநிலம் கொடுத்த உரிமம் இருந்தது. உரிமம் இருக்கும்போது என்ன பயம் என்று பாட்டுக் கேட்டுக்கொண்டே ஓட்டினேன்.

அன்று இரவு ஸ்கிராண்டன் நகர விடுதியிலிருந்து மகனுக்குப் போன் செய்தபோதுதான் விஷயம் தெரிந்தது. "அப்பா, மேரிலாந்தில் உங்கள் உரிமம் செல்லாது. நாளைக் காலை நியூயார்க் வழியாக வரப்போகிறீர்கள். அங்கேயும் செல்லாது." பக்கத்தில் இருந்த என் மனைவி எதுவும் சொல்லவில்லை. முப்பது வருடத் தாம்பத்தியத்தில் அவள் பேசாமல் இருப்பதற்கு என்ன பொருள் என்று எனக்குத் தெரியும்.

டல்லாஸ் பக்கத்தில், இர்விங்கில், பெட்ரோல் பங்க்கோடு சேர்ந்த ஒரு சிறிய கடை நடத்துகிறேன். இரவு பதினொரு மணிக்குக் கல்லாப் பணத்தை எடுத்துக்கொண்டு தனியாகக் காருக்கு நடக்க வேண்டிய தொழில். அதனால்தான் துப்பாக்கி வந்தது. மகன் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலம் நாஷுவாவில் இருக்கிறான். வருடத்துக்கு ஒருமுறை ஆயிரத்து எழுநூறு மைலுக்கு மேல் காரில் போகிறோம். நான் வழக்கறிஞர் அல்ல. ஆனால் அந்த ஸ்கிராண்டன் இரவுக்குப் பிறகு இந்த விஷயத்தைப் பரீட்சைக்குப் படிப்பதுபோல் படித்திருக்கிறேன்.

முதலில் தலையிலிருந்து எடுத்தெறிய வேண்டியது ஓட்டுநர் உரிமத்தோடு ஒப்பிடும் பழக்கத்தை. டெக்சஸ் ஓட்டுநர் உரிமத்தை வைத்துக்கொண்டு எந்த மாநிலத்திலும் கார் ஓட்டலாம். துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லும் உரிமம் அப்படியல்ல. சாதாரணக் குடிமக்களுக்கு நாடு முழுவதும் செல்லும் உரிமம் என்று ஒன்று அமெரிக்காவில் கிடையாது. போலீஸ்காரர்களுக்கும் ஓய்வுபெற்ற போலீஸ்காரர்களுக்கும் 2004-இல் ஒரு கூட்டாட்சிச் சட்டம் அந்த வசதியைக் கொடுத்தது. நமக்கும் அதைக் கொடுக்கும் மசோதா 2017 டிசம்பரில் பிரதிநிதிகள் சபையில் நிறைவேறியது, செனட்டில் நிறைவேறவில்லை. ஆகவே நம் உரிமத்தை ஏற்பதா வேண்டாமா என்பதை ஒவ்வொரு மாநிலமும் தானே முடிவு செய்கிறது. சில மாநிலங்கள் எல்லோருடையதையும் ஏற்கின்றன. டென்னசியும் ஆர்கன்சாவும் அப்படி. சில மாநிலங்கள் பட்டியல் வைத்திருக்கின்றன. கலிபோர்னியா, நியூயார்க், நியூ ஜெர்சி, மேரிலாந்து, கனெக்டிகட், ஓரிகன், ஹவாய் ஆகியவை வெளியார் உரிமத்தைச் சட்டை செய்வதே இல்லை. இல்லினாய் பாதி வழி வருகிறது: சொந்த மாநில உரிமம் இருந்தால் காருக்குள் வைத்துக்கொள்ளலாம், காரை விட்டு இறங்கும்போது உள்ளேயே பூட்டிவிட்டு இறங்க வேண்டும்.

2022 ஜூனில் உச்ச நீதிமன்றம் நியூயார்க் வழக்கில் தீர்ப்புச் சொன்ன பிறகு, இனி எங்கும் செல்லும் என்று என் கடைக்கு வரும் வாடிக்கையாளர்கள் சிலர் கொண்டாடினார்கள். தீர்ப்பு சொன்னது வேறு. உரிமம் கேட்பவர் விசேஷக் காரணம் காட்ட வேண்டும் என்ற நிபந்தனை செல்லாது என்றுதான் அது சொன்னது. உரிமம் வாங்கச் சொல்லும் அதிகாரம் மாநிலங்களிடமே இருக்கிறது. நியூயார்க் அடுத்த சில வாரங்களிலேயே புதுச் சட்டம் போட்டு, எங்கெல்லாம் துப்பாக்கி கூடாது என்ற பட்டியலை நீட்டிவிட்டது. டைம்ஸ் சதுக்கமும் அதில் அடக்கம்.

இன்னொரு குழப்பமும் உண்டு. டெக்சஸில் 2021 செப்டம்பர் முதல் 21 வயதானவர்கள் உரிமம் இல்லாமலேயே கைத்துப்பாக்கி வைத்துக்கொள்ளலாம். இப்படி உரிமம் கேட்காத மாநிலங்கள் 2024-இல் 29 ஆகிவிட்டன. பிறகு எதற்காக 40 டாலர் கட்டி, வகுப்பில் உட்கார்ந்து, ஐம்பது தோட்டா சுட்டுக் காட்டி உரிமம் வாங்க வேண்டும் என்று கேட்பார்கள். மாநிலம் தாண்டும்போது காட்டுவதற்குக் கையில் ஏதாவது இருக்க வேண்டும் என்பதுதான் காரணம். வர்ஜீனியா நம் உரிமத்தை ஏற்கிறது. உரிமமே இல்லாதவரை ஏற்க அங்கே என்ன இருக்கிறது? வெர்மான்ட் மாநிலம் உரிமம் என்ற ஒன்றைக் கொடுப்பதே இல்லை. அந்த மாநிலத்துக்காரர்கள் பக்கத்து மாநிலத்துக்குப் போக வேறு எங்காவது விண்ணப்பித்து உரிமம் வாங்குகிறார்கள்.

அந்த ஏற்பும் நிலையானது அல்ல. 2015 டிசம்பரில் வர்ஜீனியாவின் அரசுத் தலைமை வழக்கறிஞர் 25 மாநிலங்களின் உரிமத்தை இனி ஏற்க முடியாது என்று அறிவித்தார். ஒரே மாதத்தில் அரசியல் பேரம் நடந்து எல்லாம் தலைகீழானது. 2016 ஜூலையிலிருந்து, சில நிபந்தனைகளோடு, எல்லா மாநில உரிமமும் அங்கே செல்லும் என்றாகிவிட்டது. ஆகவே போன வருடம் பார்த்தேன் என்பது ஒரு பதிலே அல்ல. புறப்படுவதற்கு முந்தைய வாரம் நீங்கள் நுழையப்போகும் ஒவ்வொரு மாநிலத்தின் அரசுத் தலைமை வழக்கறிஞர் அல்லது மாநிலக் காவல்துறை இணையதளத்தைப் பாருங்கள். உங்கள் மாநிலம் வெளியிடும் பட்டியல் தொடக்கத்துக்கு உதவும், ஆனால் கடைசி வார்த்தை அந்த மாநிலத்துடையது. அந்தப் பக்கத்தைத் தேதியோடு அச்செடுத்துக் காரில் வையுங்கள். என் மனைவி இதைத் துப்பாக்கிப் பஞ்சாங்கம் என்கிறாள்.

பட்டியலில் உங்கள் மாநிலப் பெயரைக் கண்டதும் திருப்தியாகிவிடாமல் அடிக்குறிப்பையும் படியுங்கள். புளோரிடா, மிச்சிகன், கொலராடோ ஆகியவை உரிமம் கொடுத்த மாநிலத்திலேயே நீங்கள் வசிப்பவராகவும் இருந்தால்தான் ஏற்கும். யூட்டாவில் தபால் வழியே வாங்கிய வெளிமாநிலத்தவர் உரிமத்தை அங்கே நீட்டிப் பயனில்லை.

இப்போது என் வழிக்கே வருகிறேன். இங்கேதான் நிறையப் பேர் இடறி விழுகிறார்கள்.

செல்லாத மாநிலங்களைத் தாண்டிச் செல்ல 1986-ஆம் ஆண்டுக் கூட்டாட்சிச் சட்டம் ஒரு பாதுகாப்புத் தருகிறது. புறப்படும் இடத்திலும் போய்ச் சேரும் இடத்திலும் துப்பாக்கியை வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் உங்களுக்குச் சட்டப்படி உரிமை இருந்தால், நடுவில் உள்ள மாநிலங்கள் வழியாக அதைக் கொண்டுபோகலாம். தோட்டா கழற்றியிருக்க வேண்டும். துப்பாக்கியோ தோட்டாவோ பயணிகள் உட்காரும் பகுதியிலிருந்து கைக்கு எட்டக் கூடாது. டிக்கி தனியாக இல்லாத வண்டி என்றால் பூட்டிய பெட்டிக்குள் இருக்க வேண்டும். டேஷ்போர்டு அறையும் இரண்டு முன்னிருக்கைகளுக்கு நடுவே உள்ள அறையும் பூட்டு இருந்தாலும் கணக்கில் வராது.

போய்ச் சேரும் இடம் என்ற சொல்லை இன்னொரு முறை படியுங்கள். நியூ ஹாம்ப்ஷயரில் 2017 முதல் உரிமம் தேவையில்லை, வெளியூர்க்காரருக்கும்தான். அதனால் என் பயணத்துக்கு இந்தச் சட்டம் பொருந்துகிறது. என் நண்பர் ஒருவர் எடிசனில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போகிறார். அவர் பயணம் நியூ ஜெர்சியில் முடிகிறது, அங்கே அவருக்கு எடுத்துச் செல்லும் உரிமை இல்லை. டிக்கியில் பூட்டினாலும் இந்தச் சட்டம் அவரைக் காக்காது. அவருக்கு நான் சொன்னது: வீட்டுப் பெட்டகத்தில் வைத்துவிட்டுப் போங்கள். மேரிலாந்தும் நியூ ஜெர்சியும் வெளிமாநிலத்தவருக்கும் உரிமம் தருகின்றன. பயிற்சி, கைரேகை, கட்டணம் எல்லாம் உண்டு. வருடத்துக்கு ஒருமுறை பேரனைப் பார்க்கப் போகிறவருக்கு அத்தனை அலைச்சல் தேவையா என்பது அவர் பாடு.

நடுவழியில் தங்குவதும் ஆபத்து. 2005-இல் யூட்டாக்காரர் ஒருவர் விமானத்தில் பென்சில்வேனியாவுக்குப் புறப்பட்டார். துப்பாக்கியை முறைப்படி பூட்டிச் சரக்காகப் பதிவு செய்திருந்தார். நியூவார்க்கில் அடுத்த பயணம் தவறிப்போகவே, பெட்டியை வாங்கிக்கொண்டு இரவு ஒரு விடுதியில் தங்கினார். காலையில் விமான நிலையம் வந்து, பெட்டியில் துப்பாக்கி இருக்கிறது என்று தானாகவே சொன்னார். கைது செய்தார்கள். பிறகு குற்றச்சாட்டைக் கைவிட்டாலும், அவர் நஷ்டஈடு கேட்டுப் போட்ட வழக்கு 2010-இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்றது. விடுதி அறையில் பெட்டி அவர் கைக்கு எட்டும் இடத்தில் இருந்ததாம். தாமதத்துக்கு அவர் பொறுப்பல்ல என்பது எடுபடவில்லை. அந்தப் பகுதி நீதிமன்றங்கள் இந்தச் சட்டத்தை வாசலில் நிற்கும் காவலாக நினைப்பதில்லை. முதலில் கைது, பிறகு நீதிபதி முன்னால் எடுத்துச் சொல்லும் வாதம், அவ்வளவுதான்.

அதனால் என் திட்டம் இப்படி இருக்கிறது. முதல் நாள் ஐ-30, ஐ-40 வழியாக நாஷ்வில் வரை. இரண்டாம் நாள் வர்ஜீனியாவை நீளவாட்டில் கடக்கிறோம். ஐ-81 அந்த மாநிலத்தில் முடிகிறேனா பார் என்று நீண்டுகொண்டே போகும். வின்செஸ்டரில் பெட்ரோல் போடும்போது, வண்டி நிற்கும் இடத்தில் ஆள் பார்க்காதபடி, பிஸ்டலிலிருந்து தோட்டாவைக் கழற்றி, பிஸ்டலுக்குள் தோட்டா ஏறி நிற்கும் அறையும் காலி என்று இரண்டு முறை பார்த்து, கடினமான பெட்டியில் பூட்டி, மினிவேனின் கடைசி இருக்கைக்குப் பின்னால், பெட்டி படுக்கைக்கு அடியில் வைக்கிறேன். தோட்டாக்கள் வேறொரு பூட்டிய பெட்டியில். சாவி என் மனைவியின் கைப்பையில். பிறகு மேற்கு வர்ஜீனியா, பொடோமக் ஆறு, அந்த 12 மைல், பென்சில்வேனியா. இரவு ஸ்கிராண்டனில் தங்கல். மூன்றாம் நாள் வயிறார உண்டு, டேங்க்கை நிரப்பி, ஐ-84-ஐப் பிடித்தால் நியூயார்க், கனெக்டிகட், மாசசூசெட்ஸ் மூன்றையும் ஏறக்குறைய ஐந்து மணி நேரத்தில் தாண்டிவிடலாம். ஹார்ட்ஃபோர்டில் எங்கள் ஊர்க்காரர் ஒருவர் மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார். திரும்பத் திரும்ப மறுக்கிறேன். அவருக்கு என் மேல் கோபம்.

தோட்டாக்களை அடுக்கிப் பிஸ்டலில் செருகும் மேகசினையும் மறக்காதீர்கள். என் பிஸ்டலோடு வந்தது 15 தோட்டா பிடிப்பது. நியூயார்க், கனெக்டிகட், மாசசூசெட்ஸ் மூன்றிலும் வரம்பு 10. 1986 சட்டம் துப்பாக்கி, தோட்டா என்று சொல்கிறது, மேகசின் என்று சொல்லவில்லை. இந்த இடைவெளியில் நின்று வாதாட எனக்கு ஆசையில்லை. பத்து பிடிக்கும் இரண்டு மேகசின் வாங்கிவைத்திருக்கிறேன், பயணத்துக்கு அவைதான்.

உரிமம் செல்லும் மாநிலத்திலும் எங்கே போகலாம் என்பதை அந்த ஊர்ச் சட்டம்தான் சொல்லும். டெக்சஸில் கடை வாசலில், துப்பாக்கியோடு உள்ளே வரக் கூடாது என்னும் 30.06 அறிவிப்பைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு மற்ற மாநிலத்துப் பலகை தெரியாமல் போகலாம். தபால் நிலையம் எந்த மாநிலத்திலும் கூடாது, அதன் வண்டி நிறுத்துமிடம் உட்பட. தேசியப் பூங்காக்களில் 2010 முதல் அந்தந்த மாநிலச் சட்டம், ஆனால் உள்ளே இருக்கும் அரசுக் கட்டடங்களில் கூடாது. பள்ளியைச் சுற்றி ஆயிரம் அடிக்குள் கூட்டாட்சிச் சட்டம் ஒன்று இருக்கிறது. அதிலிருந்து விலக்குப் பெற அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே கொடுத்த உரிமம் வேண்டும் என்கிறது சட்டவாசகம். விடுதி தேடும்போது நான் நெடுஞ்சாலையை ஒட்டியே தேடுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

போலீஸ் நிறுத்தினால் மிச்சிகன், வட கரோலினா போன்ற இடங்களில் அவர் கேட்பதற்கு முன்பே துப்பாக்கி இருப்பதைச் சொல்லிவிட வேண்டும். டெக்சஸில் அடையாள அட்டை கேட்டால் அதோடு துப்பாக்கி உரிமத்தையும் காட்ட வேண்டும். நான் உரிமம் செல்லும் எந்த மாநிலத்திலும் கைகளை ஸ்டியரிங் மேல் வைத்துக்கொண்டு, "ஐயா, என்னிடம் உரிமம் உள்ள துப்பாக்கி இருக்கிறது, வலது இடுப்பில்" என்று முதலிலேயே சொல்லிவிடுவேன். செல்லாத மாநிலத்தில் இந்த வெள்ளந்தித்தனம் ஆபத்து. 2013-இல் பென்சில்வேனியா உரிமத்தோடு நியூ ஜெர்சிக்குள் போன ஓர் இளம் தாய் போலீஸிடம் தானாகவே சொன்னார். சிறைக்குப் போனார், ஆண்டுக்கணக்கில் கட்டாயத் தண்டனை வரும் நிலையில் நின்றார். 2015-இல் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு வழங்கியதால் தப்பித்தார்.

கடைசியாக, நம் பிள்ளைகளுக்கு. என் அக்கா மகன் ஹெச்-1பி விசாவில் வந்தவன். "மாமா, ஒரு நாள் என்னையும் சுடும் பயிற்சிக்கு அழைத்துப் போங்களேன்" என்றான். முடியாது என்று சொல்லிவிட்டேன். தற்காலிக விசாவில் இருப்பவர்கள் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பது கூட்டாட்சிக் குற்றம். வேட்டை உரிமம் போன்ற சில விலக்குகள் உண்டு, அவற்றை நம்பி இறங்குமுன் குடியேற்ற வழக்கறிஞரைப் பார்க்க வேண்டும். கிரீன் கார்டு வந்தவர்கள் வாங்கலாம். ஆனால் துப்பாக்கி தொடர்பான தண்டனை அவர்களை நாடுகடத்தப் போதுமான காரணம். குடியுரிமை உள்ளவனுக்கு அந்த 12 மைல் ஒரு வழக்கு, கிரீன் கார்டு வைத்திருப்பவனுக்கு விமான டிக்கெட். பயணத்தின்போது பெட்டிச் சாவியை அக்கா மகனிடம் கொடுத்து வண்டியைத் தனியாக அனுப்பவும் மாட்டேன்.

திரும்பும்போது இதே வழி, தலைகீழாக. நாஷுவாவில் பேத்தி கைக்கு எட்டாத அலமாரியில் பெட்டி பூட்டியே இருக்கும், கிளம்பும் நாளில் அப்படியே வண்டிக்குப் போகும். சட்டப்படி வின்செஸ்டரில் திறக்கலாம். போன முறை அங்கே நல்ல மழை. பெட்டி படுக்கையெல்லாம் இறக்கி எடுக்க வேண்டும். "சாவி வேண்டுமாங்க?" என்று மனைவி கேட்டாள். இருக்கட்டும் என்றேன். இர்விங் வரை பூட்டியே வந்தது.