மைன்கிராஃப்டில் நஞ்சை நீக்கினேன், சூனியக்காரி சிரிப்பாகிவிட்டாள்

விடுமுறைக்குக் கொக்குவிலுக்கு வந்திருந்த பெறாமகன், மைன்கிராஃப்ட் என்ற கணினி விளையாட்டில், கைவிடப்பட்ட சுரங்கத்தில் குகைச் சிலந்தியிடம் மூன்றாவது முறையும் செத்தான். "சித்தப்பா, இந்த நஞ்சை மட்டும் எடுக்க முடியாதா?" என்று கேட்டான். முடியும். கடின நிலையை நோர்மல், ஹார்டிலிருந்து ஈஸிக்கு மாற்றினாலே சிலந்தியின் நஞ்சு போய்விடும். ஆனால் மற்றப் பெரும்பாலான எதிரிகளின் அடியும் சேர்ந்து குறையும். அது எனக்குப் பிடிக்காது.

கணினிக்கான ஜாவா பதிப்பில், சீட்ஸ் (கட்டளைகள்) அனுமதித்த உலகில், கிரியேட்டிவ் முறைக்கு மாறி, கிவ் கட்டளையால் ஒரு கொமாண்ட் புளொக் (கட்டளையைத் தானே இயக்கும் கட்டை) எடுத்து வையுங்கள். அதனுள் 'effect clear @a poison' என்று இடுங்கள். வகையை ரிப்பீட் என்றும், அடுத்த பொத்தானை ஆல்வேஸ் அக்டிவ் என்றும் மாற்றுங்கள். டேட்டாபக் (உலகில் சேர்க்கும் கோப்புத் தொகுப்பு) வழியும் உண்டு. ஆனால் 1.21ஆம் பதிப்பில் அதன் கோப்புறைப் பெயரில் ஓர் எழுத்தைக் குறைத்துவிட்டார்கள். பழைய விளக்கத்தைப் பார்த்துச் செய்தால் சத்தமில்லாமல் படுத்துவிடும். புதியவர்களுக்குக் கொமாண்ட் புளொக்தான் நல்லது.

நான் மாட்டிக்கொண்டது இதற்குப் பிறகுதான். வீட்டருகே நஞ்சு ஏறவில்லை, தொலைவிலுள்ள சுரங்கத்தில் ஏறியது. அன்று மாலை முழுவதும் கட்டளையில் எழுத்துப்பிழை தேடினேன். பிழை அங்கே இல்லை. நாம் விலகிப் போனதும் அந்த நிலத்துண்டை விளையாட்டு நினைவிலிருந்து இறக்கிவிடுகிறது. புளொக்கும் உறங்கிவிடுகிறது. அதன் பக்கத்தில் நின்று அரட்டைப் பெட்டியில் '/forceload add ~ ~' என்று ஒருமுறை இடுங்கள். 16க்கு 16 அளவுள்ள அந்தத் துண்டு விழித்தே இருக்கும்.

இனி, கடினம் எவ்வளவு குறைகிறது? நஞ்சு ஒருபோதும் தானாகக் கொல்வதில்லை. அரை இதயத்தில் நிறுத்திவிடும். கொல்வது அடுத்த கடி. நோர்மலில் ஒரு கடியின் நஞ்சு 7 வினாடி நின்று இரண்டரை இதயத்தைத் தின்னும். ஹார்டில் 15 வினாடி, ஆறு இதயம். இருப்பதே பத்து! நஞ்சு போனால், நோர்மலில் ஒரு கடிக்கு ஓர் இதயம்தான். வலையில் சிக்கினாலும் வாளைச் சுழற்ற நேரம் கிடைக்கும். நஞ்சு முறிக்கப் பால் வாளியைச் சுமக்கும் அவசியம் குறையும். தேன் போத்தலின் நஞ்சு முறிக்கும் வேலையும் போய்விடும்.

சூனியக்காரியின் கதைதான் நான் எதிர்பாராதது. நாம் அதிகத் தொலைவில் நில்லாமல், நமக்கு நான்கு இதயமாவது இருந்து, உடலில் நஞ்சு இல்லை என்றால் அவள் நஞ்சுக் குப்பியைத்தான் எறிவாள். நஞ்சு ஏறியபின்போ இதயம் நான்குக்குக் கீழே போனாலோதான் காயப்படுத்தும் குப்பிக்கு வருவாள். புளொக் உடனுக்குடன் துடைப்பதால், பாவம், நஞ்சையே எறிந்துகொண்டு நிற்கிறாள். சிலந்தியை அடக்கப் போய் அவளையும் பல்லில்லாதவளாக்கிவிட்டேன்.

பின்சேர்க்கை: நெதர் என்ற நெருப்புலகில் இன்னும் நஞ்சு ஏறுகிறது என்று ஒருவர் எழுதியிருந்தார். இதயம் கறுத்தால் அது நஞ்சன்று, விதர் என்ற வேறொரு பாதிப்பு. நஞ்சு பிடித்த இதயம் மஞ்சள்பச்சையாக இருக்கும். விதர் உயிரையே எடுக்கும். அதற்கு இன்னொரு புளொக் வைக்கலாம், நான் வைக்கவில்லை. பெறாமகன் கேட்டும் வைக்கவில்லை.