ரோமர் 16ஐப் பெண்கள் கூட்டத்தில் வாசிப்பது எப்படி

பெண்கள் ஐக்கிய சங்கத்தில் வேதபாடம் எடுக்கும் முறை வந்தால் ரூத், எஸ்தர், இல்லையென்றால் நீதிமொழிகள் 31. நானும் பதினோரு வருடம் இந்த மூன்றுக்குள்ளேதான் சுற்றிக்கொண்டிருந்தேன். குணசாலியான ஸ்திரீ இருட்டோடே எழுந்திருப்பதைப் பற்றி எத்தனை முறை பேசியிருப்பேனோ, இப்போது அந்த வசனத்தைப் பார்த்தாலே எனக்குக் களைப்பு வருகிறது. கேட்கிறவர்களும் காலை நாலரைக்கு எழுந்து சமையல் முடித்து வந்தவர்கள்தானே.

அதனால் ஒரு முறை மாற்றி ரோமர் 16ஐ, அதாவது பவுல் ரோமாபுரிச் சபைக்கு எழுதின நிருபத்தின் கடைசி அதிகாரத்தை, எடுத்தேன். "அது வெறும் வாழ்த்துதல் டீச்சர், அதுல என்ன இருக்கு?" என்று செயலாளர் அக்கா கேட்டார். எல்லாரும் தாண்டிப் போகிற அதிகாரம் அது. அதிலே முதல் பதினாறு வசனங்கள் போதும், ஒன்றரை மணி நேரம் நிறைந்துவிடும். நான் மூன்று முறை எடுத்திருக்கிறேன். முதல் முறை சொதப்பினேன், அதையும் சேர்த்தே சொல்கிறேன்.

வேண்டிய சாமான் அதிகமில்லை. எல்லாரும் கையில் கொண்டுவருகிற பழைய திருப்புதல் வேதாகமம், அதாவது 1871இல் முழுமையாக வெளிவந்த, மிஷனரி பவர் ஐயரின் திருப்புதல் (மொழிபெயர்ப்பு). கூடவே ஒப்பிட்டுப் பார்க்கத் திருவிவிலியம் என்ற இக்கால மொழிபெயர்ப்பு ஒரு பிரதி. ஆளுக்கு ஒரு சிவப்புப் பென்சில், ஒரு நீலப் பென்சில். வேதாகமத்தில் கோடு போடத் தயங்குகிறவர்கள் இருப்பார்கள், அவர்களுக்காக அந்தப் பதினாறு வசனங்களை மட்டும் ஜெராக்ஸ் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். விளக்கவுரைப் புத்தகத்தை வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள். முதல் முறை நான் செய்த தப்பே அதுதான். கிரேக்க வார்த்தைகளைச் சீட்டில் எழுதிக்கொண்டு போய் முக்கால் மணி நேரம் ஒப்பித்தேன். மின்விசிறிக் காற்றில் பாதிப் பேர் கண்ணயர்ந்துவிட்டார்கள்.

முதலில் சத்தமாக, ஆளுக்கு ஒரு வசனம். நன்றாக வாசிக்கத் தெரிந்த ஒருவரிடமே மொத்தத்தையும் கொடுத்துவிடாதீர்கள். பெயர்கள் நாக்கில் சிக்கும், சிக்கட்டும். 14ஆம் வசனத்தில் அசிங்கிரீத்து என்ற பெயர் வரும்போது நிச்சயம் ஒரு சிரிப்பு எழும். அடக்கவேண்டாம். அந்தச் சிரிப்புக்குப் பிறகுதான், நிஜமாகவே ஒரு ஊரில், ஒரு வீட்டில் கூடியிருந்த ஆட்களின் பெயர்கள் இவை என்பது உறைக்கும்.

அப்புறம் பென்சில். பெண் என்று தெரிந்தால் சிவப்பு, ஆண் என்றால் நீலம், சந்தேகமாக இருந்தால் விட்டுவிடலாம். பத்து நிமிடம் கொடுங்கள். இங்கே தமிழ் நமக்குப் பெரிய உதவி செய்கிறது. இந்தத் திருப்புதலில் 'ஆ' ஓசையில் முடிகிற பெண் பெயருக்கு ஒரு 'ள்' சேர்ப்பது வழக்கம்: மரியாள், மார்த்தாள், லீதியாள், சாராள். ஆண் பெயருக்கு அது கிடையாது: லூக்கா, ஆக்கில்லா, எர்மா. ஆகவே கிரேக்கம் படிக்காத நம் சங்கத்து அம்மாமார் பெபேயாள், பிரிஸ்கில்லாள், மரியாள், திரிபேனாள், திரிபோசாள், பெர்சியாள், யூலியாள் என்று ஏழு பேரைத் தாங்களே பிடித்துவிடுவார்கள். பெயர் சொல்லப்படாத இரண்டு பேர் உண்டு. ஒருவர் ரூபின் தாய், இன்னொருவர் நேரேயின் சகோதரி. சேர்த்தால் ஒன்பது. பத்தாவது ஆள் ஒருவர் இருக்கிறார், அவரை நீங்கள் இப்போது காட்டிக்கொடுக்காதீர்கள்.

அடுத்தது வினைச்சொல். யார் யார் என்ன செய்தார்கள் என்று சொல்லியிருக்கிற வார்த்தைகளுக்குக் கீழே கோடு போடச் சொல்லுங்கள். 'பிரயாசப்பட்ட' என்ற சொல் யாருக்கெல்லாம் வந்திருக்கிறது என்று கேளுங்கள். மரியாள், திரிபேனாள், திரிபோசாள், பெர்சியாள். நாலு பேரும் பெண்கள். இந்த அதிகாரத்தில் ஒரு ஆணுக்கும் அந்தச் சொல் வரவில்லை. இந்த இடத்தில் 1 கொரிந்தியர் 15:10ஐ ஒருவரை வாசிக்கச் சொல்லுங்கள். "அவர்களெல்லாரிலும் நான் அதிகமாய்ப் பிரயாசப்பட்டேன்" என்று பவுல் தன் அப்போஸ்தல ஊழியத்தைப் பற்றிச் சொல்கிறார். தமிழில் மட்டுமல்ல, கிரேக்கத்திலும் இரண்டு இடத்திலும் அதே வினைதான். இதை நீங்கள் விளக்கவே வேண்டாம். வாசித்துவிட்டு கொஞ்சம் சும்மா இருங்கள். திரிபேனாள், திரிபோசாள் என்ற இரண்டு பெயர்களும் மென்மை, சொகுசு என்ற பொருள் தரும் வேரிலிருந்து வந்தவை என்பதை வேண்டுமானால் சொல்லுங்கள். சொகுசு என்று பெயர் வைத்துக்கொண்டு பாடுபட்டவர்கள். நம் பக்கத்தில் செல்வம் என்ற பெயரோடு பீடி சுற்றின ஆட்கள் இல்லையா?

பெபேயாளுக்கு மட்டும் தாராளமாக அரை மணி நேரம் ஒதுக்குங்கள். "கெங்கிரேயா ஊர் சபைக்கு ஊழியக்காரி" என்று முதல் வசனம் சொல்கிறது. ஊழியக்காரி என்றதும் எங்கள் கூட்டத்தில் என்ன நினைத்தீர்கள் என்று கேட்டேன். "கோயில் பெருக்குற அம்மா மாதிரி" என்று ஒருவர் சொன்னார். "துண்டுப்பிரதி குடுக்க வாறவங்க" என்றார் இன்னொருவர். சரி, இப்போது மூன்று பேரை எழுந்து நிற்கச் சொல்லுங்கள். ஒருவர் ரோமர் 16:1. அடுத்தவர் 1 கொரிந்தியர் 3:5. அங்கே பவுலும் அப்பொல்லோவும் 'ஊழியக்காரர்'. மூன்றாமவர் பிலிப்பியர் 1:1; அங்கே கண்காணிகளோடு சேர்த்து 'உதவிக்காரர்', அதாவது நாம் இன்றைக்கு டீக்கன் என்று சொல்கிற பொறுப்பு. மூன்று இடத்திலும் கிரேக்கத்தில் ஒரே சொல், தியாக்கொனோஸ். அடுத்தடுத்து காதில் விழுந்தால் போதும், பெருக்குமாறு தானாகக் கீழே விழுந்துவிடும். பெருக்குவது தாழ்ந்த வேலை என்று நான் சொல்லவரவில்லை. பவுலுக்கு ஒரு படம், பெபேயாளுக்கு இன்னொரு படம் என்று நம் மனது தனித்தனியாக வரைகிறதே, அதைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

இரண்டாம் வசனத்தில் "அநேகருக்கும் எனக்குங்கூட ஆதரவாயிருந்தவள்" என்று வருகிறது. கிரேக்கச் சொல் புரோஸ்தாத்திஸ். வசதியும் செல்வாக்கும் உள்ள புரவலரைக் குறிக்கிற சொல் அது. கெங்கிரேயா கொரிந்துவின் கிழக்குத் துறைமுகம், கப்பல் வந்துபோகிற ஊர். அப்படிப்பட்ட ஊரில் நாலு பேரைத் தாங்கக்கூடிய நிலையில் இருந்த பெண். இந்த நிருபத்தைக் கையால் எழுதினவர் தெர்தியு. 22ஆம் வசனம் சொல்கிறது. ரோமுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தவர்? அரசாங்கத் தபால் அரசாங்கத்துக்கு மட்டுமே ஓடின காலம். மற்றவர்கள் கடிதத்தைப் பயணம் போகிற ஆளிடம் கொடுத்தனுப்புவார்கள். பவுல் இங்கே ஒருவரைச் சிபாரிசு செய்து, ஏற்றுக்கொள்ளுங்கள், தேவையானதைச் செய்யுங்கள் என்று எழுதுவதால், கொண்டுபோனவர் பெபேயாள்தான் என்று பெரும்பாலான அறிஞர்கள் எடுத்துக்கொள்கிறார்கள். அப்படியானால், "இந்த இடத்தில் பவுல் என்ன சொல்லவருகிறார்?" என்று ரோமர் கேட்டிருந்தால் முதலில் பதில் சொல்லவேண்டியவர் யார்? இந்தக் கேள்வியைக் கூட்டத்தில் போடுங்கள். ஆனால் இது ஊகம், வசனத்தில் எழுதியிருப்பதில்லை என்பதையும் அதே மூச்சில் சொல்லிவிடுங்கள். இரண்டாம் முறை நான் ஆர்வக்கோளாறில் புயலும் கப்பலுமாக ஒரு கதையே கட்டிவிட்டேன். அடுத்த வாரம் ஒரு சகோதரி அதை ஞாயிறு பள்ளியில் வசனம் மாதிரியே சொல்லிக்கொடுத்துவிட்டார்.

ஊழியக்காரி என்ற பொறுப்பு பவுலோடு முடிந்துபோகவில்லை என்பதற்குச் சபைக்கு வெளியிலிருந்தே ஒரு சாட்சி இருக்கிறது. சுமார் கி.பி. 112இல் பித்தினியா என்ற ரோம மாகாணத்தின் ஆளுநர் பிளினி பேரரசர் திராயானுக்கு எழுதிய கடிதத்தில், கிறிஸ்தவர்கள் 'ஊழியக்காரிகள்' என்று அழைத்த இரண்டு அடிமைப் பெண்களைச் சித்திரவதை செய்து விசாரித்ததாகச் சொல்கிறார். பெயர் எழுதவில்லை.

பிரிஸ்கில்லாளைச் சீக்கிரம் முடிக்கலாம். புருஷன் ஆக்கில்லாவுக்கு முன்னால் இவள் பெயர் வருவதைக் காட்டுங்கள். பவுலுக்காகக் கழுத்தைக் கொடுத்தவர்கள், வீட்டில் சபை கூடியது, கூடாரம் செய்கிற தொழில். ஒரு சின்ன விஷயம்: அப்பொல்லோவுக்குப் போதித்த இடத்தில், அப்போஸ்தலர் 18:26இல், நம் பழைய திருப்புதலில் ஆக்கில்லா முதலில் வருவான். மிகப் பழைய கையெழுத்துப் பிரதிகளில் அங்கேயும் பிரிஸ்கில்லாள்தான் முதலில்.

இப்போது பத்தாவது ஆள். 7ஆம் வசனம், அன்றோனீக்கும் யூனியாவும். பென்சில் தாளில் யூனியாவுக்கு என்ன நிறம் என்று கேளுங்கள். சிலர் நீலம் போட்டிருப்பார்கள், சிலர் விட்டிருப்பார்கள். தப்பில்லை, 'ள்' இல்லையே. 15ஆம் வசனத்து யூலியாளுக்கு இருக்கிறது, யூனியாவுக்கு இல்லை. எங்கள் கூட்டத்தில் ஒருவர் நேராகவே கேட்டுவிட்டார்: "டீச்சர், யூனியா ஆம்பிளையா பொம்பிளையா?"

உலகத்து வேத அறிஞர்கள் அடித்துக்கொண்ட கேள்வி அதுதான். பழைய கிரேக்கப் பிரதிகளில் உச்சரிப்புக் குறிகள் கிடையாது. குறியை ஒரு விதமாகப் போட்டால் பெண் பெயர், வேறு விதமாகப் போட்டால் ஆண் பெயர். நாலாம் நூற்றாண்டின் பெரிய பிரசங்கியார் கிறிசோஸ்தோமுக்குக் கிரேக்கம் தாய்மொழி. அவர் இவளைப் பெண்ணாகவே வாசித்தார், அப்போஸ்தலர் என்ற பெயருக்கே தகுதியாக எண்ணப்பட்டாளே, எப்பேர்ப்பட்ட ஞானமுள்ள பெண் என்று வியந்தார். யூனியா என்ற பெண் பெயர் ரோமாபுரிக் கல்வெட்டுகளில் 250 தடவைக்கு மேல் கிடைத்திருக்கிறது. யூனியாஸ் என்ற ஆண் பெயர் ஒரு தடவைகூடக் கிடைக்கவில்லை. இருந்தும் 1927இல், அறிஞர்கள் பயன்படுத்துகிற நெஸ்லே கிரேக்கப் புதிய ஏற்பாட்டுப் பதிப்பில் ஆண் பெயருக்கான குறி ஏறியது. 1998இல்தான் பெண் பெயர் திரும்பி வந்தது. அங்கே ஒரு குறி, இங்கே ஒரு 'ள்'.

"அப்போஸ்தலருக்குள் பெயர்பெற்றவர்கள்" என்ற தொடரை, அப்போஸ்தலருக்கு நன்றாகத் தெரிந்தவர்கள் என்று வாசிக்கலாம் என்று வாதாடுகிறவர்களும் உண்டு. அதையும் சொல்லுங்கள். எனக்குக் கிறிசோஸ்தோம் வாசித்த விதமே சரியாகப் படுகிறது.

இதற்குள் யாராவது 1 கொரிந்தியர் 14:34ஐத் திறந்துவிடுவார்கள். "சபைகளில் உங்கள் ஸ்திரீகள் பேசாமலிருக்கக்கடவர்கள்." எங்கள் கூட்டத்தில் சபை மூப்பர் ஒருவர் ஜன்னலுக்கு வெளியே நின்றபடியே அதைக் கேட்டார். மழுப்பாதீர்கள், கோபப்படவும் வேண்டாம். அதே நிருபம் 11:5ஐ வாசிக்கச் சொல்லுங்கள். ஜெபம்பண்ணுகிற, தீர்க்கதரிசனஞ்சொல்லுகிற பெண் தலையை மூடவேண்டும் என்கிறது. பேசவே கூடாதென்றால் பேசும்போது தலையை என்ன செய்வது என்று ஏன் எழுதவேண்டும்? 34, 35 வசனங்கள் சில பழைய பிரதிகளில் 40ஆம் வசனத்துக்குப் பிறகு வருகின்றன என்பதும் தெரிந்திருக்கட்டும். அன்றைக்கே தீர்த்துவிட முயற்சி செய்யாதீர்கள். தனியாக ஒரு நாள் அதற்கு வேண்டும். மூப்பரிடம் அப்படித்தான் சொன்னேன், அவரும் அடுத்த மாதம் வருவதாகச் சொல்லிவிட்டுப் போனார். வந்தார், நாற்காலி போட்டுக்கொடுத்தோம்.

கடைசி இருபது நிமிடத்தில் எழுத வையுங்கள். ஆளுக்கு ஒரு வரி, பவுல் எழுதின மாதிரியே: ஒரு பெயர், அந்தப் பெண் என்ன செய்தாள், வாழ்த்துங்கள். 'அன்பான', 'அருமையான' என்று மொட்டையாக எழுதினால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். பவுலும் 'பிரியமான' என்று எழுதுகிறார்தான், ஆனால் பெர்சியாளை அதோடு விடவில்லை, பாடுபட்டதையும் எழுதினார். செய்த வேலை வரவேண்டும். எங்கள் தாளில் அசனத்துக்கு, அதாவது சபை விருந்துக்கு, முப்பது வருடம் அரிசி கணக்குப் பார்த்தவர் வந்தார். போதகர் ஐயர் இல்லாத நாளில் ஆஸ்பத்திரிக்குப் போய் ஜெபித்தவர் வந்தார்.

எண்பது தாண்டின பாட்டி ஒருவருக்கு எழுத வராது, சொல்லச் சொல்ல நான் எழுதினேன். சின்ன வயதில் சாயங்காலம் அரிக்கேன் விளக்கோடு தெருவுக்கு வந்து ஆனா ஆவன்னா சொல்லிக்கொடுத்த பைபிள் அம்மாவை வாழ்த்துங்கள் என்றார்.

"அவங்க பேர் என்ன பாட்டி?"

"அதான் ஞாபகம் வரல. நேரேயோட தங்கச்சின்னு எழுதிக்கோ."

அப்படியே எழுதினேன். தாள் சங்கத்து அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டியிருக்கிறது.