வோர்டெக் 5.7 பிக்கப்பில் எரிபொருள் அழுத்தம் பார்ப்பது எப்படி?

1996 முதல் 2000 வரை வந்த செவ்ரோலெட் சி/கே பிக்கப்பின் வோர்டெக் 5.7 லிட்டர் பெட்ரோல் எஞ்சின், அழுத்தம் சற்றுக் குறைந்தாலும் ஸ்டார்ட் ஆக மறுக்கும். எஞ்சின் ஆறிய பின், அதன் பின்புறம் டிஸ்ட்ரிபியூட்டருக்கு (ஸ்பார்க் பிளக்குகளுக்கு மின்சாரத்தைப் பிரித்துக் கொடுக்கும் பாகம்) அருகிலுள்ள சோதனை வால்வில் எரிபொருள் அழுத்தம் காட்டும் கேஜைப் பொருத்துங்கள். வால்வின் வாய் கார் டயர் வால்வைப் போலவே இருக்கும். பெட்ரோல் பீறிடக்கூடும் என்பதால் சுற்றிலும் துணியை வைத்து, பாதுகாப்புக் கண்ணாடி அணிந்துகொள்ளுங்கள்.

ஸ்டார்ட் செய்யாமல் சாவியை ஆன் நிலைக்குத் திருப்பினால் பம்ப் 2 விநாடி மட்டும் முனகி நிற்கும். அந்த முனகலின்போது முள் 60 முதல் 66 பிஎஸ்ஐ வரை காட்ட வேண்டும். 50 பிஎஸ்ஐ மற்ற வண்டிகளுக்குப் போதுமானதாக இருக்கலாம், இதற்குப் போதாது. இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள்.

பம்ப் நின்றபின் 10 நிமிடத்தில் 5 பிஎஸ்ஐக்கு மேல் இறங்கினால் கசிவு உண்டு. மறுபடி அழுத்தம் ஏற்றி, டேங்கிலிருந்து வரும் லைனை அடைத்ததும் முள் நின்றுவிட்டால் குறை பம்ப் பக்கம். அப்போதும் இறங்கினால் அழுத்தத்தைச் சீராக வைக்கும் ரெகுலேட்டரோ பெட்ரோலைத் தெளிக்கும் இன்ஜெக்டரோ கசிகிறது. எஞ்சினுக்குள் காற்று போகும் இன்டேக்கின் மேல்மூடியைக் கழற்றும்போது, கரி படிந்த உட்புறத்தில் ஓரிடம் மட்டும் கழுவியதுபோல் பளிச்சென்றிருந்தால், கசிவு அங்கேதான்.

அழுத்தமே ஏறாவிட்டால், பம்பை வாங்குமுன் ஃபில்டரையும் பம்ப் இணைப்பில் வரும் வோல்டேஜையும் எர்த்தையும் பாருங்கள்.