ஃபார்மல் டின்னர்ல கத்தி, ஃபோர்க் பிடிக்கிறது எப்பிடி? நம்ம ஊர் பசங்களுக்காக

மாங்கா சீசன் வந்துட்டா கிருஷ்ணகிரி சுத்துப்பட்டுல இருக்கிற மாங்கா கூழ் எடுக்கற பல்ப் யூனிட்டுங்களுக்கு, கூழ் வாங்கற வெளிநாட்டு பையருங்க வர ஆரம்பிச்சுடுவாங்க. பகல்ல பெங்களூரா மாங்கா கழுவுற லைன், லேப், கோல்டு ஸ்டோரேஜ்னு சுத்திக் காட்டிட்டு, சாயங்காலம் ஓசூர்லயோ பெங்களூர்லயோ பெரிய ஓட்டல்ல டின்னர். கூழோட பிரிக்ஸ் (சர்க்கரை அளவு) எவ்ளோ, அசிடிட்டி (புளிப்பு) எவ்ளோன்னு கேட்டா டக்கு டக்குன்னு பதில் சொல்ற தரம் பாக்கற க்யூசி பையன், அந்த டேபிள்ல உக்காந்ததும் வாயே திறக்க மாட்டான். எதிர்ல வரிசையா வெச்சிருக்கிற ஸ்பூனையும் கத்தியையும் பாத்தே பாதி பேருக்கு பேச்சு வராது. வேலை தெரிஞ்ச பசங்க இதுக்குப் போயி ஒதுங்கி நிக்கறது எனக்குப் பொறுக்கல, அதான் எழுதறேன். ஒரு ஞாயித்துக்கிழமை வீட்டுல உக்காந்து பழகினா போதும், தம்பிங்களா.

ஸ்டெப் 1: கை வைக்காம முதல்ல பாருங்க

தட்டுக்கு இடது பக்கம் ஃபோர்க், வலது பக்கம் கத்தி, அதுக்கும் வெளிய சூப் ஸ்பூன். தட்டுக்கு மேல் பக்கமா குறுக்க படுத்திருக்கிற சின்ன ஸ்பூனும் ஃபோர்க்கும் ஸ்வீட்டுக்கு, அதைக் கடைசி வரைக்கும் தொடாதீங்க. எதை முதல்ல எடுக்கறதுன்னு குழப்பமே வேணாம், வெளிய இருக்கிறதை முதல்ல எடுத்து ஒவ்வொரு ஐட்டத்துக்கும் உள்ள உள்ள வாங்க. சூப் வந்தா வலது ஓரத்துல இருக்கிற ஸ்பூன், அடுத்து ஸ்டார்ட்டர் வந்தா அதுக்கடுத்த ஜோடி. ஐரோப்பாவுல முன்னாடி எல்லா பதார்த்தத்தையும் ஒண்ணா டேபிள்ல பரப்பி வெப்பாங்க. 19ஆம் நூற்றாண்டுல தான் ரஷ்யா பழக்கத்தைப் பாத்து ஒவ்வொண்ணா கொண்டாந்து பரிமாற ஆரம்பிச்சாங்க, அதனால வர்ற வரிசைப்படி கத்தி ஃபோர்க்கை அடுக்கி வெக்கற வழக்கம் வந்துச்சு. இது தெரிஞ்சா மனப்பாடம் பண்ண வேண்டியதே இல்ல.

கத்தியோட கூர் பக்கம் எப்பவும் தட்டைப் பாத்து இருக்கும், பக்கத்துல உக்காந்திருக்கிறவரைப் பாத்து இருக்கக் கூடாது. சாப்பாட்டுக் கத்தி முனை மழுங்கலா இருக்கறதுக்கும் ஒரு கதை இருக்கு, 1669ல பிரான்ஸ் ராஜா பதினாலாம் லூயி கூர் முனை கத்திங்களுக்கு தடை போட்டாரு.

ஸ்டெப் 2: எது நம்ம பன்னு, எது நம்ம தண்ணி

ரவுண்டு டேபிள்ல இது பெரிய தகராறு. ரெண்டு கையிலயும் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் சேத்து வட்டம் போட்டு மத்த விரலை நேரா நிமித்துங்க, டேபிளுக்குக் கீழயே செஞ்சு பாக்கலாம். இடது கை ஸ்மால் பி, வலது கை ஸ்மால் டி. பிரெட் இடது பக்கம், டிரிங்க் வலது பக்கம். ஒருத்தர் மாத்தி எடுத்துட்டா டேபிள் முழுக்க மாறிடும், அதனால பாத்து எடுங்க. பன்னைக் கத்தியால வெட்டாம கையால ஒரு வாய் அளவுக்குப் பிச்சு, அந்தத் துண்டுக்கு மட்டும் வெண்ணெய் தடவுங்க. வைன் வேணாம்னா கிளாஸைக் கவுத்து வெக்காதீங்க, ஊத்த வரும்போது "நோ தேங்க்ஸ்" போதும்.

நாப்கினை மடியில விரிங்க, சட்டை காலர்ல சொருகறது வேணாம். நடுவுல பாத்ரூம் போகணும்னா சேர் மேல வெச்சுட்டுப் போங்க, எல்லாம் முடிஞ்சப்புறம் லேசா மடிச்சு தட்டுக்கு இடது பக்கம். எல்லாருக்கும் வந்து, கூட்டிட்டுப் போனவரு ஆரம்பிச்சப்புறம் தான் நாம ஆரம்பிக்கணும். சூப்பை நம்ம பக்கம் இருந்து எதிர்ப்பக்கமா அள்ளி, ஸ்பூன் ஓரத்துல இருந்து சத்தம் வராம குடிங்க, ஊதாதீங்க.

ஸ்டெப் 3: பிடிக்கிற பிடி

இடது கையில ஃபோர்க், பல்லு கீழ பாத்த மாதிரி. வலது கையில கத்தி. ரெண்டுலயும் பிடி உள்ளங்கைக்குள்ள போயிடணும், ஆள்காட்டி விரல் மேல நீட்டி அழுத்தணும். அந்த விரல் தான் எல்லா வேலையும் செய்யும். பேனா பிடிக்கிற மாதிரி பிடிச்சீங்கன்னா சிக்கன் தட்டை விட்டு வழுக்கிட்டு ஓடும். ஒரு வாய்க்கு ஒரு துண்டு வெட்டுங்க, மொத்தத்தையும் முதல்லயே வெட்டி வெச்சுக்காதீங்க. அமெரிக்காக்காரங்க வெட்டின பிறகு கத்தியை வெச்சுட்டு ஃபோர்க்கை வலது கைக்கு மாத்திச் சாப்பிடுவாங்க, அதைப் பாத்து குழம்ப வேணாம், ரெண்டுமே சரி தான். எனக்கு மாத்தாம சாப்பிடறது தான் பிடிக்கும், கைக்கு வேலை கம்மி.

பழகறதுக்கு இட்லி ஆகாது, ரொம்ப மெத்துனு இருக்கு. கல் தோசை நல்லா இருக்கும், அப்புறம் அரைப்பழமா இருக்கிற பெங்களூரா மாங்காயைத் தோல் சீவிப் போட்டு வெட்டிப் பாருங்க, சிக்கன் வெட்டற பதம் அப்பிடியே கைக்கு வரும். கடைசியா வேக வெச்ச பச்சைப் பட்டாணி. ஃபோர்க் பல்லு கீழ பாத்தபடியே இருக்க, கத்தியால நாலு பட்டாணியைத் தள்ளி ஃபோர்க் முதுகுல ஏத்தி லேசா நசுக்குனா ஒட்டிக்கும், கொஞ்சம் உருளைக்கிழங்கு மசியல் சேத்துக்கிட்டா இன்னும் சுலபம். கத்தி ஃபோர்க் செட்டு வாங்கும்போது கையில தூக்கிப் பாத்து கனமா இருக்கிறதை வாங்குங்க. மெல்லிசு தகட்டுல வர்றது அழுத்தினா வளையும், அதுல பழகினா ஓட்டல்ல கனமான கத்தியைப் பிடிக்கும்போது கை தடுமாறும். ஒரே ஒரு கத்தி, ஒரே ஒரு ஃபோர்க் போதும், பாத்திரக்கடையில தனியா கேட்டாலும் குடுப்பாங்க.

ஸ்டெப் 4: தட்டு பேசற பாஷை (இதைத் தான் நல்லா படிக்கணும்)

எந்த ஃபோர்க்கை எடுத்தீங்கன்னு யாரும் கவனிக்கப் போறதில்ல. ஆனா எடுத்ததை எங்க வெக்கறீங்கன்னு வெயிட்டர் கவனிச்சுட்டே இருப்பாரு. எங்க தம்பி ஒருத்தன் பாதி மீனைச் சாப்பிட்டுட்டு பையர் கேட்ட கேள்விக்கு பதில் சொல்றதுக்காக ரெண்டையும் தட்டுல ஒண்ணா சேத்து வெச்சான், பேசி முடிச்சுத் திரும்பினா தட்டைக் காணோம். வெயிட்டர் மேல தப்பே இல்ல, அது முடிஞ்சுதுங்கற அடையாளம். நம்ம பந்தியில இலையை நம்ம பக்கமா மடிச்சா "போதும், நிறைவா சாப்பிட்டேன்"னு அர்த்தம் இல்லையா, அதே மாதிரி தான் இதுவும், வாயைத் திறந்து சொல்ல வேண்டியதில்ல.

தட்டைக் கடிகாரமா நினைச்சுக்கங்க. இன்னும் சாப்பிடறேன்னா ஃபோர்க்கோட பிடி 8 மணி பக்கம், கத்தியோட பிடி 4 மணி பக்கம், முனைங்க ரெண்டும் நடுவுல கிட்டக்கிட்ட, ஃபோர்க் பல்லு கீழ. முடிஞ்சுதுன்னா ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல நேரா வெச்சு பிடியை 6:30 பக்கமா விடுங்க, 4:20 பக்கமா சாய்ச்சு வெச்சாலும் புரிஞ்சுக்குவாங்க. தண்ணி குடிக்க, பேச, சிரிக்க எதுக்கா இருந்தாலும் முதல்ல 8-4 வெச்சுட்டு அப்புறம் செய்யுங்க. கத்தியைக் கையில வெச்சுக்கிட்டே ஆட்டிப் பேசறது கூடவே கூடாது. ஒரு தடவை எடுத்ததை மறுபடி டேபிள் துணி மேல வெக்கக் கூடாது, பிடி மட்டும் துணியில சாய்ஞ்சு இருக்கிறதும் தப்பு தான்.

ரொட்டி, பட்டர் நான் மாதிரி வந்தா கையாலயே பிச்சு சாப்பிடுங்க, யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க. பிரியாணி வந்தா இடது கையில ஃபோர்க், வலது கையில ஸ்பூன். எலுமிச்சைத் துண்டு போட்ட வெந்நீர்க் கிண்ணம் கை கழுவறதுக்கு, விரல் நுனியை மட்டும் நனைச்சு நாப்கின்ல துடைங்க.

புதுசா சேத்தது: எங்க குரூப்ல கேட்டதுக்கு பதில்

இடது கைப் பழக்கம் இருக்கிறவங்க டேபிள்ல இருக்கிறதை மாத்தி அடுக்க வேணாம். எடுக்கும்போது கை மாத்தி எடுத்துக்கங்க, அவ்ளோ தான்.

மீன் முள்ளு வாயில மாட்டினா துப்பாதீங்க, உதட்டுக்கு வந்ததும் ரெண்டு விரலால எடுத்து தட்டு ஓரத்துல வைங்க.

தங்கச்சி ஒருத்தங்க, வெள்ளிக்கிழமை கவுச்சி சாப்பிட மாட்டேன், அங்க போயி எப்பிடி சொல்றதுன்னு கேட்டிருந்தாங்க. அங்க போயி சொல்லாதீங்கம்மா, முந்தின நாளே டின்னர் ஏற்பாடு பண்றவங்க கிட்ட வெஜ்னு சொல்லிடுங்க, ஓட்டல்ல தனியா செஞ்சு வெச்சிருப்பாங்க.

ஃபோர்க் கீழ விழுந்தா குனிஞ்சு தேடாதீங்க. வெயிட்டரைப் பாத்து லேசா கை காட்டுங்க, வேற கொண்டாந்து குடுப்பாரு, நீங்க பேசிட்டு இருந்ததைத் தொடருங்க.