கயிற்றுக்கு வெளியே நிற்பவன்: ஜோடி மல்யுத்தத்தைத் தொழிலாக எடுப்பது எப்படி

ஜோடி மல்யுத்தக்காரன் தன் ஆட்டத்தில் பாதி நேரம் கயிற்றுக்கு வெளியே நிற்கிறான். ரிங் எனும் கயிறு கட்டிய மேடையில் இருவர் ஓரணியாக மாறி மாறி ஆடுவதுதான் ஜோடி மல்யுத்தம்; ஒருவன் உள்ளே ஆடும்போது மற்றவன் வெளியே காத்திருப்பான். மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் சனிக்கிழமை காலை என்னிடம் பழக வரும் பிள்ளைகளிடம் முதல் நாளே இதைச் சொல்லிவிடுவேன். அவர்கள் தொலைக்காட்சியில் பார்த்து மயங்கி வருவது மூலைக் கம்பத்தின் மேலிருந்து பாய்கிறவனை. பாய்வதற்கு முன்னால் பத்து நிமிடம் அதே மூலையில் அவன் எப்படி நின்றான் என்பது யார் கண்ணிலும் படுவதில்லை. நிற்கத் தெரியாதவன் எவ்வளவு உயரத்திலிருந்து பாய்ந்தாலும் கூட்டம் எழுந்து நிற்காது.

நான் 2015 முதல் 9 ஆண்டுகள் ஒரே ஜோடியுடன் ஆடினேன். அப்பா ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டினார். நான் வெல்டிங் பட்டறையில் வேலை செய்கிறேன். என் ஜோடி செம்பனைக் குலை ஏற்றும் லாரி ஓட்டுகிறவர். ஒரே லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர் வீட்டு வரிசையில், நான்கு கதவு தள்ளி வளர்ந்தோம், ஒரே தோட்டப் பள்ளியில் படித்தோம். தோட்டத்துப் பிள்ளைக்கு இது எட்டாத தொழில் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. எட்டிப் பிடிக்கும் அவசரத்தில் யாரும் கழுத்தை முறித்துக்கொள்ளவும் கூடாது. இரண்டுக்காகவும்தான் இதை எழுதுகிறேன்.

இதை அமெரிக்கச் சரக்கு என்று நினைப்பவர்கள் நம் தாத்தாக்களிடம் பேசிப் பார்த்ததில்லை. ஹங்கேரியில் பிறந்த கிங் காங் என்ற மல்யுத்த வீரர் சிங்கப்பூரையும் மலாயாவையும் தன் களமாக வைத்திருந்தார். இந்திய மல்யுத்த வீரர் தாரா சிங் 1940களின் இறுதியில் சிங்கப்பூருக்கு வந்து அங்கேதான் தொழில் கற்றார். 1955-இல் ஜப்பானில் அனைத்து ஆசிய ஜோடிப் பட்டத்தை முதன்முதலாக வென்றவர்கள் கிங் காங்கும் டைகர் ஜோகிந்தர் சிங்கும்தான். அந்தப் பட்டத்துக்கு இன்றும் அங்கே ஆடுகிறார்கள். எங்கள் தாத்தா இந்தப் பெயர்களை ஊர்க்காரர் பெயரைச் சொல்வதுபோல் சொல்வார்.

முடிவு முன்பே தெரியுமாமே, அப்படியானால் இது ஏமாற்று இல்லையா என்று பெற்றோர் கேட்பார்கள். அதற்கு மழுப்பாமல் பதில் சொல்லப் பழகுங்கள். யார் வெல்வது என்று முன்பே பேசிக்கொள்கிறோம், உண்மைதான். தோட்டத்துக் கோயில் திடலில் இரணியன் கூத்து பார்த்தவர்களுக்கு இரணியன் சாகப் போகிறான் என்பது தெரியாதா? தெரிந்தும் விடிய விடிய உட்கார்ந்திருந்தார்கள். ஆனால் இரணியன் விழுவது மண்ணில். நாங்கள் விழுவது இரும்புச் சட்டத்தின் மேல் பலகை, பலகையின் மேல் மெல்லிய ஸ்பாஞ்சு, அதன் மேல் கித்தான் துணி. வலிக்கு ஒத்திகை கிடையாது.

ஜோடியைத் தேர்ந்தெடுப்பது

பலரும் தவறு செய்வது இங்கேதான். நெருங்கிய நண்பன் நல்ல ஜோடியாக இருப்பான் என்று நினைக்கிறார்கள். உடன்பிறப்புகள் வென்ற கதைகள் உண்டு. அமெரிக்காவின் WWE மல்யுத்த நிறுவனத்தில் ஆடிய ஊசோ இரட்டையர்கள் 2021 முதல் 2023 வரை 622 நாள் ஒரே பட்டத்தை விடாமல் வைத்திருந்தார்கள். அதைப் பார்த்து உங்கள் அண்ணனை இழுத்து வராதீர்கள். நான் பார்ப்பது மூன்று விஷயங்கள். சொன்ன நேரத்துக்கு வருகிறானா? தோற்கும் ஆட்டத்தை முகம் சுளிக்காமல் ஆடுகிறானா? களைத்த பிறகு உங்களை எப்படிக் கீழே இறக்குகிறான்?

மூன்றாவதைச் சோதிக்க ஒரு வழி இருக்கிறது. தடித்த பாயின் மேல், பயிற்சியாளர் பக்கத்தில் நிற்க, அவன் உங்களைத் தூக்கிப் பத்து முறை இறக்கட்டும். முதல் மூன்று முறை யார் வேண்டுமானாலும் அழகாகச் செய்வார்கள். பத்தாவது முறை பாருங்கள். மூச்சு வாங்கும், கை நடுங்கும். அப்போதும் உங்கள் முதுகைத் தாங்கிய கை, முதுகு பாயில் படும் வரை கூடவே வருகிறதா, பாதி வழியில் விட்டுவிடுகிறதா? பாதியில் விடுகிறவன் தங்கமான மனிதனாக இருக்கலாம். அவனோடு தேநீர் குடியுங்கள், ரிங்கில் ஏறாதீர்கள்.

உடல் அளவு ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. ஒருவர் பருமன், ஒருவர் மெலிவு என்றால் கதை சொல்வது இன்னும் எளிது. மெலிந்தவன் அடிபடும்போது கூட்டம் பதறும், பருத்தவன் உள்ளே வரும்போது கூட்டம் மூச்சு விடும். எங்களில் அடிபடுகிறவன் நான்.

முதலில் விழப் பழகுங்கள்

முதல் மூன்று மாதம் நான் வேறு எதுவும் சொல்லித் தருவதில்லை. மோவாயை நெஞ்சோடு ஒட்டிக்கொள்ள வேண்டும், பின்மண்டை தரையைத் தொடக் கூடாது. பின்னால் சாயும்போது மேல்முதுகு முழுவதும் ஒரே நேரத்தில் படவேண்டும். கைகள் உடலிலிருந்து சற்று விலகி, உள்ளங்கை கீழ்நோக்கித் தட்டவேண்டும். விழும் கணத்தில் மூச்சை வெளியே விடுங்கள். முழங்கையை ஊன்றினால் முழங்கை போய்விடும். எல்லோருக்கும் முதலில் தோன்றுவது ஊன்றத்தான். அந்தப் பழக்கத்தை உடம்பிலிருந்து எடுக்கத்தான் மூன்று மாதம்.

கயிற்றில் ஓடுவதும் அப்படித்தான். கயிறு என்கிறோமே தவிர, எங்கள் ரிங்கில் அது இரும்பு வடம். அதன் மேல் ரப்பர் குழாய் மாட்டி நாடா சுற்றியிருக்கிறோம். சட்டத்தை நானே பற்றவைத்ததால் எந்த மூலை எவ்வளவு இறுக்கம் என்று எனக்குத் தெரியும். முதல் வாரம் அக்குளுக்குக் கீழே நீலம் பாயும். நான்காவது வாரம் தோல் தடித்துவிடும்.

ஒரு விதியை மறக்காதீர்கள். பிடிகள் எல்லாம் இடப்பக்கம், அதாவது எதிராளியின் இடக்கை, இடக்கால். மெக்சிகோவில் மட்டும் வலப்பக்கம். முன்பின் தெரியாதவரோடு ஆடும்போதும் உடம்புக்கு அடுத்தது என்னவென்று தெரிவது இதனால்தான்.

வீட்டு மெத்தையிலும் பள்ளித் திடலிலும் இதைச் செய்யாதீர்கள். என் கெஞ்சலாகவே எடுத்துக்கொள்ளுங்கள். மல்யுத்த அமைப்பான மலேசியா புரோ ரெஸ்லிங் 2014-இல் தொடங்கியது, சிங்கப்பூர் புரோ ரெஸ்லிங் 2012-இல். சொல்லிக்கொடுக்க ஆள் இல்லாத காலம் போய்விட்டது. நாங்கள் வார இறுதிகளில் ரயிலேறிக் கிள்ளான் பள்ளத்தாக்குக்குப் போய்ப் பழகினோம். பெண் பிள்ளைகள் தயங்க வேண்டாம். 2019-இல் நோர் டயானா முக்காடு அணிந்தபடியே ஆண்களையும் தோற்கடித்து மலேசியாவில் பட்டம் வென்றார்.

மூலையில் நிற்பது

இப்போது முக்கியமான பாடத்துக்கு வருகிறேன். ஜோடி ஆட்டத்தில் ஒரு நேரத்தில் ஓர் அணியில் ஒருவருக்குத்தான் உள்ளே உரிமை. மூலைக் கம்பத்தில் ஒரு சிறு கயிறு கட்டியிருக்கும். அதைப் பிடித்தபடி வெளி விளிம்பில் நிற்கவேண்டும். உள்ளே இருப்பவன் உங்களைக் கையால் தொட்டால் அது டேக், ஆள் மாறலாம். வெளியேறுபவனுக்கு நடுவர் ஐந்து எண்ணும் வரை நேரம். நடுவர் கண்ணால் பார்க்காத டேக் செல்லாது.

இந்தக் கடைசி விதியில்தான் மொத்தத் தொழிலும் இருக்கிறது. எதிரணி உங்கள் ஜோடியைத் தங்கள் மூலைக்கு இழுத்துப்போய் அடிக்கிறது. நீங்கள் ஆத்திரத்தில் கயிற்றுக்குள் காலை வைக்கிறீர்கள். நடுவர் உங்களைத் தடுக்கத் திரும்புகிறார். அவர் முதுகுக்குப் பின்னால் இருவர் சேர்ந்து உங்கள் ஜோடியை மிதிக்கிறார்கள். நீங்கள் உதவப் போனதால்தான் அவன் கூடுதலாக அடிபடுகிறான், கூட்டம் அதைப் பார்த்துத் துடிக்கிறது. ஒரு தடவை அவன் உங்கள் கையைத் தொட்டும்விடுவான். நடுவர் பார்க்கவில்லை, செல்லாது என்பார். அப்போது எழும் சத்தத்தை நீங்கள் கேட்கவேண்டும்.

ஆகவே மூலையில் நிற்கும்போது கூட்டத்தைப் பார்க்காதீர்கள், ஜோடியைப் பாருங்கள். நீங்கள் எங்கே பார்க்கிறீர்களோ அங்கேதான் மண்டபமும் பார்க்கும். கையை ஆரம்பத்திலேயே முழுதாக நீட்டிவிடாதீர்கள். முதலில் முழங்கை மடிந்திருக்கட்டும், பிறகு பாதி, கடைசியில் கம்பத்தின் கயிறு இறுகும் அளவுக்கு உடம்பே சாயவேண்டும். அவன் ஊர்ந்து வரும் வேகத்தை உங்கள் கை முந்திக்கொள்ளக் கூடாது. இரண்டு முறை தவறட்டும். மூன்றாவது முறை பிடியுங்கள். நான்காவதற்கு இழுத்தால் கூட்டம் களைத்துவிடும்.

எங்கள் ஊர் மண்டபத்தில் ஆடிய ஓர் இரவு. நான் ஏழு நிமிடமாக அடிவாங்கி, வயிற்றால் நகர்ந்துகொண்டிருந்தேன். என் ஜோடி மூலையில் ஒரு காலால் பலகையை உதைத்துக்கொண்டே இருந்தார். தட், தட், தட் என்று ஒரே சீராக. அந்தத் தாளத்தைக் கூட்டம் கைதட்டலாக எடுத்துக்கொண்டது. முன்வரிசையில் எங்கள் பழைய லயத்துப் பாட்டி ஒருவர். பேரப்பிள்ளைகளுக்குத் துணையாக வந்தவர், மல்யுத்தம் என்றால் முகத்தைச் சுளிப்பவர். அவர் சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு எழுந்து நின்றார். "கையைக் கொடு ஐயா, அவன் கையைப் பிடி!" என்று என் ஜோடியைப் பார்த்துக் கத்தினார். என் விரல் நுனிக்கும் ஜோடியின் விரல் நுனிக்கும் நடுவே ஒரு சாண் இருந்தது. ஒரு நாள் முழுக்கக் கற்பித்தாலும் புரியவைக்க முடியாதது அந்த ஒரு சாணில் எனக்குப் புரிந்தது. ஜோடி உள்ளே வந்து என்ன அடி அடித்தார் என்பது இன்று எங்கள் இருவருக்குமே நினைவில்லை.

சேர்ந்து போடும் அடிகள்

எளியதிலிருந்து தொடங்குங்கள். ஹார்ட் ஃபவுண்டேஷன் என்ற ஜோடி செய்த அடியைப் பாருங்கள். ஒருவர் எதிராளியை நெஞ்சோடு கட்டிப் பிடிக்க, மற்றவர் கயிற்றில் ஓடி வந்து கையால் மார்பின் குறுக்கே அடிக்கிறார். பிடித்திருப்பவரே எதிராளியோடு சேர்ந்து கீழே போவதால் விழுவது பத்திரம். ரோடு வாரியர்ஸ் ஜோடியின் புகழ்பெற்ற அடி வேறு வகை. ஒருவர் எதிராளியைத் தோள்மேல் உட்காரவைக்க, மற்றவர் மூலைக் கம்பத்தின் மேலிருந்து பாய்ந்து அடிக்கிறார். அதில் விழுகிறவர் தலைகீழாகச் சுழன்று விழவேண்டும். இரண்டு ஆண்டு ஆடாத ஜோடி அதை முயல்வதை நான் அனுமதிப்பதில்லை.

கைச் சைகை

கட்டிப் புரளும்போது காதோடு பேசிக்கொள்வோம். பேச முடியாத நேரத்தில் கை. கடினமாக விழுந்த பிறகு ஜோடியோ எதிராளியோ நடுவரோ உங்கள் கையை ஒரு முறை அழுத்துவார்கள். நலம் என்றால் திருப்பி அழுத்த வேண்டும். அழுத்தம் திரும்பி வராவிட்டால் ஆட்டத்தை அங்கேயே முடிக்கவேண்டும். நடுவர் இரு கைகளையும் தலைக்கு மேல் குறுக்காக வைத்தால் உண்மையான காயம் என்று பொருள்.

2018-இல் என் தோள்பட்டை இறங்கியது. தவறு என்னுடையது, ஓட்டத்தில் ஓர் அடி முந்திவிட்டேன். எதிராளி என் கையை அழுத்தினார். அழுத்தம் எனக்குத் தெரிந்தது, புரிந்தது, விரல் மட்டும் அசையவில்லை. மூன்று வினாடியில் அவர் என்மேல் படுத்து மூச்சு முட்டாமல் மறைத்துக்கொண்டார், நடுவர் மூன்று எண்ணி ஆட்டத்தை முடித்தார். நாங்கள் வெல்ல வேண்டிய ஆட்டம் அது. அந்த எதிராளியின் வீட்டுத் தீபாவளிக்கு ஆண்டுதோறும் முறுக்கு கொண்டுபோகிறேன்.

பணம்

வேலையை விடாதீர்கள். முதல் ஆட்டத்துக்கு எங்கள் இருவருக்கும் சேர்த்து 100 வெள்ளி (ரிங்கிட்) கிடைத்தது. பெட்ரோலுக்கும் சாலைக் கட்டணத்துக்கும் போக மீதியில் பசியாறிவிட்டு வந்தோம். வருமானம் எப்போதும் சரிபாதி, அன்று யார் கூடுதலாக அடிபட்டாலும் சரி. ஜோடியின் பெயரும் சட்டையில் அச்சிடும் சின்னமும் யாருக்குச் சொந்தம் என்று ஆரம்பத்திலேயே ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்திடுங்கள். ஓர் ஏற்பாட்டாளர் வாய்ப் பேச்சாகச் சொன்ன தொகையை எங்களுக்குத் தரவே இல்லை. அதற்குப் பிறகு செய்தியாகவேனும் எழுத்தில் வாங்காமல் நாங்கள் பையைத் தூக்கியதில்லை.

சுயதொழில் செய்வோருக்கான சமூகப் பாதுகாப்புச் சட்டம் 2017-இல் வந்தது. அதன்கீழ் சொக்சோ எனும் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்தில் நீங்களே பணம் கட்டிச் சேரலாம். உங்கள் வேலையை எந்தப் பிரிவில் எடுப்பார்கள் என்று அலுவலகத்துக்கு நேரில் போய்க் கேளுங்கள். வெளிநாட்டில் ஆட அழைத்தால் முறையான வேலை அனுமதி வாங்கித் தரச் சொல்லுங்கள். சுற்றுலாப் பயணியாகப் போய் ஆடாதீர்கள்.

என் ஜோடியின் முழங்கால் தேய்ந்துவிட்டதால் 2024-இல் நிறுத்தினோம். வேறொருவரோடு தொடரலாமே என்று கேட்டார்கள், எனக்கு மனம் வரவில்லை. இப்போது இருவரும் சேர்ந்து பயிற்சி கொடுக்கிறோம். அவர் நாற்காலியில் உட்கார்ந்து பலகையை உதைத்துத் தாளம் போடுவார்.

சனிக்கிழமை காலை வருகிறவர்கள் நகத்தை வெட்டிவிட்டு, மோதிரம், தோடு, சங்கிலி எல்லாவற்றையும் வீட்டில் வைத்துவிட்டு வாருங்கள். சட்டப்படி வயது நிரம்பாத பிள்ளைகள் அம்மாவையோ அப்பாவையோ அழைத்துவர வேண்டும், அவர்கள் உட்கார்ந்து பார்க்க நாற்காலி போட்டிருக்கிறோம். மணிக்கட்டில் கட்டிய கோயில் கயிற்றைக் கழற்ற வேண்டாம், அதன் மேல் துணிப்பட்டை சுற்றித் தருகிறேன்.