மார்கழிக் குளிருக்கு ஒரு காய்கறி சூப்

நான்கு பேருக்கு 2 கேரட், 10 பீன்ஸ், ஒரு பெரிய உருளைக்கிழங்கு ஆகியவற்றைப் பொடியாக நறுக்கிக்கொள்ள வேண்டும். குக்கரில் ஒரு மேசைக்கரண்டி வெண்ணெயை உருக்கி, தட்டிய இஞ்சி, பூண்டு, 10 சின்ன வெங்காயம் ஆகியவற்றை நிறம் மாறாமல் வதக்கிய பின், காய்களையும் கழுவிய கால் கப் பாசிப்பருப்பையும் சேர்த்து, 5 கப் தண்ணீர் ஊற்றி, 3 விசில் வரும்வரை வேகவிட வேண்டும். சோளமாவு கரைத்து ஊற்றும் வழக்கம் எனக்கு உடன்பாடானதன்று. குழைந்த பருப்பும் கிழங்குமே போதிய கெட்டித்தன்மையைத் தருவதோடு வயிற்றையும் நிறைக்கும். ஆவி அடங்கியதும் மத்தால் பாதியை மட்டும் மசித்து, மீதிக் காய்கள் வாயில் தட்டுப்படுமாறு விட்டுவிட வேண்டும். உப்புச் சேர்த்து ஒரு கொதி வந்ததும் இறக்கி, அப்போதே இடித்த மிளகைத் தூவவும். முன்கூட்டியே இட்டு நெடுநேரம் கொதிக்கவிட்டால் அதன் மணம் பறந்துவிடும்.